‘ஓஷியோஸ்’: தீர்ப்புகளில் வரும் இந்த ஆங்கிலச் சொல்லுக்கு என்ன பொருள், தமிழில் எப்படி எழுதுவது?

தமிழாக்கி (கேள்வி)

ஓ, டி, ஐ, ஓ, எஸ், இ என்று ஆறு எழுத்து கொண்ட ஆங்கிலப் பெயரடை பற்றிய கேள்வி. ‘இப்படிப் பொருள்கொண்டால் ப்ரொவைசோ (பிரிவோடு சேர்த்த வரம்பு வாசகம்) ஓஷியோஸ் ஆகிவிடும்’ என்ற அமைப்பில் உச்ச நீதிமன்ற, உயர் நீதிமன்றத் தீர்ப்புகளில் அடிக்கடி வருகிறது. கையிலுள்ள ஆங்கில–தமிழ் அகராதி ‘சோம்பலான, ஓய்வாக உள்ள, பயனற்ற’ என்று மூன்றையும் ஒரே வரியில் போட்டுவிட்டு அடுத்த சொல்லுக்குப் போய்விடுகிறது. சட்டப் பிரிவு எப்படிச் சோம்பலாக இருக்க முடியும்? சரி, ‘பயனற்ற’ என்றே போடலாம் என்றால், ‘இன்ஃப்ரக்சுவஸ்’ என்ற சொல்லுக்கும் அதைத்தான் போட்டு வருகிறோம். ஒரே தீர்ப்பில் இரண்டும் வரும்போது மாட்டிக்கொள்கிறோம்.

கூடவே மூன்று சின்னக் கேள்விகள்: உச்சரிப்பு எது சரி? சட்டத்துக்கு வெளியே இந்தச் சொல் புழங்குகிறதா? ஆளைக் குறித்துச் சொல்லலாமா?

---

வழக்குரை

முதலில் சட்டப் பொருளை முடித்துவிடலாம், அதில்தான் குழப்பம் அதிகம்.

தீர்ப்பில் ஒரு சொல்லோ உட்பிரிவோ ஓஷியோஸ் ஆகிறது என்றால், அது சட்டப் புத்தகத்தில் அப்படியே இருக்கும், செல்லும், யாரும் ரத்து செய்யவில்லை. ஆனால் அது செய்வதற்கென்று ஒரு வேலையும் மிச்சமில்லை என்று பொருள். பெரும்பாலும் இது எதிர்த்தரப்பு சொல்லும் பொருள்கோளை வீழ்த்துவதற்கான வாதமாக வரும். ‘நீங்கள் சொல்கிறபடி படித்தால் இந்த வாசகத்துக்கு வேலையே இல்லாமல் போகிறது, சட்டமன்றம் சும்மா ஒரு வாசகத்தைச் சேர்த்திருக்காது, ஆகவே உங்கள் பொருள்கோள் தவறு’ என்பது வாதத்தின் எலும்புக்கூடு.

இதற்குப் பின்னால் உள்ள விதி பழையது. அசுவினி குமார் கோஷ் எதிர் அரவிந்த போஸ் வழக்கில் (1952) தலைமை நீதிபதி பதஞ்சலி சாஸ்திரி இதைத் தெளிவாக வைத்தார்: சட்டம் எண்ணிப் பார்த்திருக்கக்கூடிய ஏதோ ஒரு சூழலில் ஒரு சொல்லுக்குப் பொருத்தமான இடம் இருக்குமானால், அதை மிகைச்சொல் என்று ஒதுக்கித் தள்ளுவது முறையான பொருள்கோள் அல்ல. ‘உட் ரெஸ் மாகிஸ் வாலெயாட் குவாம் பெரெயாட்’ என்று லத்தீனில் மேற்கோள் காட்டுவதும் இதே குடும்பம்தான்: ஓர் ஆவணத்தை அழியவிடுவதைவிட வாழவிடும்படி படி.

ஒரு கற்பனைப் பிரிவு: ‘மாடு, ஆடு, குதிரை அல்லது வேறு விலங்குகளைச் சாலையில் திரியவிடக் கூடாது.’ ‘வேறு விலங்குகள்’ என்பது பூனை முதல் யானை வரை எல்லாவற்றையும் குறிக்கும் என்று ஒருவர் வாதிட்டால், முன்னால் உள்ள மூன்று சொற்களையும் எதற்கு எழுதினார்கள்? அவை மூன்றும் ஓஷியோஸ். அதனால்தான் நீதிமன்றம் ‘வேறு விலங்குகள்’ என்பதை அந்த மூன்றின் இனத்துக்குள் சுருக்கிப் படிக்கும். எயுஸ்டெம் ஜெனெரிஸ் விதி பிறக்கும் இடம் இதுதான்.

இனி உங்கள் சிக்கல். பக்கத்துச் சொற்களோடு வைத்துப் பார்த்தால் எல்லை தெரியும்.

இன்ஃப்ரக்சுவஸ் என்பது மனுவுக்கு, மேல்முறையீட்டுக்கு, கோரிக்கைக்கு உரியது. தேர்வை நிறுத்தக் கோரி மனு போட்டிருக்கிறார்கள், மனு விசாரணைக்கு வருவதற்குள் தேர்வு முடிந்துவிட்டது. மனு இன்ஃப்ரக்சுவஸ். காலமோ நிகழ்ச்சியோ அதன் காலை வாரிவிட்டது. இந்தியச் சட்ட ஆங்கிலத்துக்கு வெளியே இதை அதிகம் பார்க்க முடியாது. இங்கிலாந்தில் ‘அகாடமிக்’ என்பார்கள், அமெரிக்காவில் ‘மூட்’.

நியூகேட்டரி என்பது வேறு: வென்றும் கையில் ஒன்றும் இல்லாத நிலை. கீழ் நீதிமன்ற ஆணைக்குத் தடை கொடுக்காவிட்டால் வீட்டை இடித்துவிடுவார்கள், பிறகு மேல்முறையீட்டில் வென்று என்ன செய்வது? தடை கேட்கும் மனுக்களில் ‘மேல்முறையீடு நியூகேட்டரி ஆகிவிடும்’ என்பது நிலையான வாசகம்.

ரிடண்டன்ட் என்றால் இன்னொரு சொல் அதே வேலையை ஏற்கெனவே செய்கிறது. ஒரு சொல் ஓஷியோஸ் ஆவதற்கு அது ஒரு காரணமாக இருக்கலாம், ஒரே காரணம் அல்ல. பொருள்கோளால் எல்லை குறுகிப்போய், பொருந்தும் சூழலே இல்லாமல் போனாலும் பிரிவு ஓஷியோஸ்தான். அங்கே இரட்டிப்பு எதுவும் இல்லை. டெட் லெட்டர் என்றால் பிரிவு வேலை செய்யக்கூடியது, ஆனால் யாரும் அமல்படுத்துவதில்லை. வாய்ட் என்றால் செல்லாது, கதை முடிந்தது.

ஓஷியோஸ் என்ற இடத்தில் ‘செல்லாததாகிவிடும்’ என்று போட்ட தமிழாக்கங்கள் உண்டு. அது வெறும் நடைக்குறை அல்ல, தவறு. நீதிமன்றம் அந்தப் பிரிவைக் காப்பாற்றப் பார்க்கிறது. தமிழில் படிப்பவருக்கோ அதைக் கொன்றுவிட்டதாகத் தோன்றும்.

---

சொல்வேர்

‘சோம்பல்’ அகராதியில் வந்ததற்குக் காரணம் வேர். லத்தீனில் ஓட்டியும் என்றால் ஓய்வு, பொதுக்காரியங்களிலிருந்து விடுபட்ட நேரம். ஓட்டியோஸுஸ் என்றால் அப்படி ஓய்வாக இருப்பவர். ரோமானியருக்கு இது இழிசொல் மட்டுமல்ல. கி.மு. 56இல் செஸ்டியுஸுக்காக வாதாடிய உரையில் ரோமானியப் பேச்சாளர் சிசரோ ‘மதிப்போடு கூடிய ஓய்வு’ என்பதை நல்லோர் நாடும் குறிக்கோளாகவே வைக்கிறார். கடமைகள் பற்றிய நூலின் மூன்றாம் பகுதித் தொடக்கத்தில், ஆப்பிரிக்கானுஸ் ஸ்கிப்பியோ சொல்வதாகக் கேட்டோ எழுதியதை எடுத்துக்காட்டுகிறார்: ஓய்வில் இருக்கும்போதுதான் தான் மிகக் குறைவாக ஓய்ந்திருப்பதாக. இரண்டு இடத்திலும் இதே சொல்தான்.

எதிர்ச்சொல் இன்னும் சுவையானது. ஓட்டியும் முன்னால் ‘இல்லை’ என்ற பொருளுள்ள நெக் சேர்ந்து நெகோட்டியும்: ஓய்வின்மை, அதாவது தொழில், வியாபாரம். அதிலிருந்துதான் நெகோஷியேட், நெகோஷியபிள். செக் திரும்பி வந்தால் 138ஆம் பிரிவின் கீழ் வழக்குப் போடும் 1881ஆம் ஆண்டின் நெகோஷியபிள் இன்ஸ்ட்ருமென்ட்ஸ் சட்டத்தின் பெயரில் இந்த ஓஷியோஸின் சகோதரன் உட்கார்ந்திருக்கிறான்.

ஆங்கிலத்துக்கு முதலில் வந்தது பெயர்ச்சொல்: ஓஷியாசிட்டி, 15ஆம் நூற்றாண்டின் இறுதி. பெயரடை மிகத் தாமதம். 1794இல் ஆங்கிலேய சமய அறிஞர் வில்லியம் பேலி கிறித்தவ மதத்துக்கான சான்றுகளைப் பற்றிய நூலில் ‘ஓஷியோஸ் அசென்ட்’ என்கிறார். கேட்டவர் தலையாட்டிவிட்டுப் போய்விடுகிறார், நம்பியதால் அவர் வாழ்க்கையில் எதுவும் மாறவில்லை; அப்படிப்பட்ட வெறும் ஒப்புதல். ‘பலன் விளையாத’ என்ற பொருள் ஆங்கிலத்தில் தொடக்கத்திலேயே இருக்கிறது என்பதைக் கவனியுங்கள். ‘ஓய்வாக உள்ள’ என்ற பொருளுக்கான சான்றுகள் 19ஆம் நூற்றாண்டின் நடுவில்தான் கிடைக்கின்றன. லத்தீன் வரிசைப்படி சோம்பலை முதலில் போடும் அகராதி, ஆங்கிலப் புழக்கத்தைத் தலைகீழாக்குகிறது.

பிரெஞ்சில் இதே வேரிலிருந்து வந்த வாஸெ, வீண் பேச்சு, வீண் விவாதம் என்பதற்கே பயன்படுகிறது. ஸ்பானியத்தின் ஓசியோஸோ இன்னும் ஆளையும் குறிக்கும், பேச்சையும் குறிக்கும்.

---

திருத்துநர்

உச்சரிப்பு: அமெரிக்க அகராதிகள் ஓ-ஷி-ஓஸ் என்பதை முதலில் தரும், பிரிட்டிஷ் அகராதிகள் ஓ-ட்டி-ஓஸ் என்பதை. இரண்டும் இரண்டு நாட்டிலும் ஏற்கப்படும். அழுத்தம் முதல் அசையில். கடைசி ஒலி மெல்லிய ஸ்; ரோஸ் பூவில் வரும் அதிர்வுள்ள ஒலி அல்ல.

ட்டி உச்சரிப்பில் ஓர் ஆபத்து உண்டு. வெறுக்கத்தக்க என்ற பொருளுள்ள ஓடியஸ் என்ற சொல்லுக்கு மிக அருகில் போய்விடுகிறது. வாய்மொழியாகச் சொல்லி எழுதவைக்கும் இடங்களிலும், பேச்சை எழுத்தாக்கும் மென்பொருளிலும் ஒன்று இன்னொன்றாக மாறும். ‘அந்தப் பிரிவு வெறுக்கத்தக்கதாகிவிடும்’ என்று வரும் வாக்கியம் இலக்கணப்படி சரியாக இருப்பதால் எழுத்துப்பிழைத் திருத்தி பிடிக்காது. தட்டச்சுப் பிரதியில் ‘ஆக்கு’ என்ற பொருளுள்ள ‘ரெண்டர்’ என்ற வினைக்குப் பக்கத்தில் ஓடியஸ் கண்டால் ஒலிப்பதிவைத் திரும்பக் கேட்பது நல்லது. என் பரிந்துரை: வாய்விட்டுச் சொல்லும்போது ஷி வைத்தே சொல்லுங்கள்.

சட்டத்துக்கு வெளியே: நூல் விமர்சனத்திலும் கட்டுரைகளிலும் வரும். ஓஷியோஸ் பெயரடை, ஓஷியோஸ் விவரணை, ஓஷியோஸ் அடிக்குறிப்பு. எடுத்துவிட்டால் எதுவும் குறையாது என்பதுதான் சோதனை. ‘இறந்த பிணம்’ என்பதில் உள்ள ‘இறந்த’ அந்த வகை. ‘இதைத் திரும்பச் சொல்வது ஓஷியோஸ்’ என்று வினையோடும் வரும். அப்போது பின்னால் ‘டு’ போட்டு வினைச்சொல் எழுத வேண்டும். ‘ஹோலி’ (முற்றிலும்), ‘லார்ஜ்லி’ (பெரும்பாலும்), ‘ராதர்’ (சற்று) ஆகிய அளவுச் சொற்கள் முன்னால் இயல்பாக ஒட்டும். வினையடை ஓஷியோஸ்லி, பெயர்ச்சொல் ஓஷியோஸ்னெஸ், ஓஷியாசிட்டி இரண்டும் உண்டு, ஆனால் இவற்றில் எதையும் தினசரி எழுத்தில் நான் அனுமதிக்கமாட்டேன்.

ஆளைக் குறித்து: முடியும், பழைய நடை. இன்று ஒருவரை ஓஷியோஸ் என்றால் படிப்பவர் ‘இந்த ஆளால் ஒரு பிரயோஜனமும் இல்லை’ என்றுதான் எடுத்துக்கொள்வார். ஓய்வில் இருக்கிறார் என்று சொல்ல இது சொல்லே அல்ல.

செய்தி நடையில் இதைத் தவிருங்கள். சூப்பர்ஃப்ளுவஸ், பாயின்ட்லெஸ் ஆகியவை அதே வேலையைச் செய்யும் இடத்தில் ஓஷியோஸ் போடுவது, அந்தச் சொல்லின் பொருளுக்கு அந்தச் சொல்லையே உதாரணமாக்குவது.

---

தமிழாக்கி

நன்றி. எல்லை புரிந்தது. ஆனால் தமிழ்ச் சொல் இன்னும் வரவில்லையே? ‘வேலையற்ற’ என்றால் வேலைவாய்ப்பு அலுவலக நினைவு வருகிறது. ‘வீணான’ என்றால் நீதிபதி திட்டுவது போல இருக்கிறது. ‘அர்த்தமற்ற’ என்றால் சொல்லுக்கே பொருளில்லை என்றாகிறது. இங்கே பொருள் இருக்கிறது, பணிதான் இல்லை.

---

ஏட்டிலக்கணம்

நன்னூலைத் திறந்தால் விடை இருக்கிறது. நூலுக்கு ஆகாத பத்துக் குற்றங்களைப் பவணந்தி அடுக்கும் நூற்பாவில் (12) கடைசிக் குற்றம் ‘நின்று பயன் இன்மை’. சொல் நிற்கிறது, பயன் இல்லை. வழக்குரை கொடுத்த சட்டப் பொருள் அப்படியே இதுதான்.

அதே பட்டியலில் பக்கத்துச் சொற்களும் கிடைக்கும். ‘கூறியது கூறல்’ ரிடண்டன்ட் என்பதற்கு மிக அருகில். ‘மிகைபடக் கூறல்’ சட்டக்காரர்களின் சர்ப்ளஸேஜ். ‘வெற்றெனத் தொடுத்தல்’ திருத்துநர் சொன்ன வெற்றுப் பெயரடைகளுக்குப் பொருந்தும். நூறு சதவீதம் ஒன்றுக்கொன்று என்று சொல்லமாட்டேன், ஆனால் இந்த வேறுபாடுகளைப் பிரித்துப் பார்க்க நம்மிடம் ஏற்கெனவே கருவி உண்டு.

நூற்பாவில் ஒரு சொல்லும் வீணாக நிற்காது என்ற எண்ணமும் உரையாசிரியர்களிடம் வேரூன்றியது. தொல்காப்பிய உரைகளில் ‘மிகையானே’, ‘இலேசானே’, ‘என்றதனானே’ ஆகிய தொடர்கள் வரும் இடங்களைப் பாருங்கள். ஒரு சொல் தேவைக்கு மேல் நிற்பதாகத் தெரிந்தால், உரைகாரர் ‘ஆசிரியர் கைதவறினார்’ என்று விடமாட்டார். அந்த மிகையை வைத்து நூற்பா வெளிப்படையாகச் சொல்லாத இன்னொரு விதியையே எடுத்துக்கொள்வார். 1952 தீர்ப்பின் மனப்பாங்கும் இதுவும் ஒரே திசையில் போகின்றன. உரைகாரர்கள் நீதிமன்றங்களைவிடச் சற்றுத் துணிச்சல்காரர்கள், அவ்வளவே.

ஆகவே: ‘பயனின்றி நிற்கும்’. இன்ஃப்ரக்சுவஸுக்குப் ‘பயனற்றுப் போய்விட்டது’. பயன் என்ற சொல் இரண்டிலும் இருந்தாலும் நிற்கும், போய்விட்டது என்ற வினைகள் வேறுபாட்டைத் தாங்கிக்கொள்ளும். பிரிவு நிற்கிறது, மனு போய்விடுகிறது.

---

வழக்குரை

‘பயனின்றி நிற்கும்’ எனக்குச் சம்மதம். வாக்கிய அமைப்பில் ஒரு சேர்க்கை. ஆங்கிலத்தில் ‘அந்தப் பொருள்கோள் ப்ரொவைசோவை ஓஷியோஸ் ஆக்கும்’ என்று பொருள்கோள் எழுவாயாக வரும். தமிழில் அதை அப்படியே வைத்தால் ‘இப்பொருள்கோளானது ப்ரொவைசோவைப் பயனின்றி நிற்குமாறு செய்துவிடும்’ என்று கல்லும் முள்ளுமாக வரும். ‘-ஆல்’ போட்டு நிபந்தனையாக்குங்கள்: ‘இப்படிப் பொருள்கொண்டால் ப்ரொவைசோ பயனின்றி நிற்கும்.’ நீளமான வாக்கியமாக இருந்தால் இரண்டாக உடையுங்கள். எந்தப் பொருள்கோள் என்பதை முதல் வாக்கியத்தில் சொல்லிவிட்டு, விளைவை இரண்டாவதில்.

ஏட்டிலக்கணம் சொன்னதற்கு ஒரு மட்டுறுத்தல். சட்டத்தில் எல்லா மிகையும் பொருள் தேடிப் பிடிக்க வேண்டிய மிகை அல்ல. ‘எக்ஸ் அபண்டான்டி காட்டெலா’ என்பார்கள்: மிகுந்த எச்சரிக்கையால் சேர்த்தது. ‘ஐயம் எழாதிருக்கும் பொருட்டு’ என்று தொடங்கும் விளக்கங்கள் பல, ஏற்கெனவே உள்ளதைத்தான் திரும்பச் சொல்கின்றன. அவற்றை ஓஷியோஸ் ஆகாமல் காப்பாற்றுகிறேன் என்று புதுப் பொருள் ஏற்றினால் சட்டம் கோணலாகும். எதிர்த்தரப்பு ‘ஓஷியோஸ்’ வாதத்தை எடுக்கும்போது, இது எச்சரிக்கைச் சொல்தான் என்பதே வழக்கமான பதில். தமிழாக்கத்தில் இந்த இரண்டு தரப்பும் ஒரே பக்கத்தில் மோதும் என்பதால் சொல்கிறேன்: எச்சரிக்கைச் சொல்லுக்கு ‘பயனின்றி’ வரக்கூடாது, அதற்குப் பயன் உண்டு, ஐயம் நீக்குவது.

இன்னொரு சொல்லும் குழப்பும்: ஸ்பென்ட். வேலையை முடித்துவிட்ட சட்டம். திருத்தச் சட்டம் மூலச் சட்டத்தில் வாசகத்தைச் சேர்த்தவுடன் அதன் பணி தீர்ந்தது. பிறகு அந்தத் திருத்தச் சட்டத்தை ரத்து செய்தாலும், மாறான நோக்கம் தெரியாத வரை, சேர்த்த வாசகம் அப்படியே நிற்கும். 1897ஆம் ஆண்டின் பொது வாசகங்கள் சட்டத்தின் 6ஏ பிரிவு இதைத்தான் சொல்கிறது. ஸ்பென்ட் ஆனது ஒருகாலத்தில் வேலை செய்தது. ஓஷியோஸ் ஆவதற்கு வேலையே கிடைக்கவில்லை. முன்னதற்குப் ‘பணி தீர்ந்த’ என்று போடலாம்.

---

மைக்கோடு

சட்டம், விமர்சனம் தவிர இந்தச் சொல் கலைச்சொல்லாகவே நிற்கும் மூன்று இடங்கள் உண்டு. தமிழாக்குபவருக்கு எப்போதாவது உதவும்.

பழைய ஐரோப்பியக் கையெழுத்துப்படிகளைப் படிப்பவர்கள் ‘ஓஷியோஸ் ஸ்ட்ரோக்’ என்பார்கள். இடைக்கால எழுத்தர்கள் சொற்சுருக்கத்தைக் காட்டக் கோடும் வாலும் போடுவார்கள். அதே போன்ற கோட்டைக் கை ஓட்டத்தில் அலங்காரமாகவும் போடுவார்கள்: சொல்லின் இறுதியில் வரும் ‘என்’ என்ற ஆங்கில எழுத்துக்கு மேல் வளைவு, இரட்டை ‘எல்’ எழுத்தின் குறுக்கே கோடு. படிப்பவர் அதைச் சுருக்கக்குறி என்று நம்பி ஓர் இ எழுத்தைச் சேர்த்தால், எழுத்தர் எழுதாத சொல் பதிப்பில் ஏறிவிடும். பதிப்பு முன்னுரையில் ‘ஓஷியோஸ் கோடுகள் விடப்பட்டன’ என்று இருந்தால் ‘பொருள் குறிக்காத கோடுகள்’ என்று போடுங்கள். இங்கே பயன், பணி எதுவும் பொருந்தாது. எது அலங்காரம், எது சுருக்கம் என்பதை அதே எழுத்தர் அதே சொல்லை முழுதாக எழுதிய இடங்களோடு ஒப்பிட்டுத்தான் முடிவு செய்வார்கள். கோட்டின் வடிவத்தை மட்டும் பார்த்து முடிவு செய்யப் போனால் ஏமாற்றம்.

அரபு இலக்கணத்தில் ‘ஓஷியோஸ் அலிஃப்’. ‘அவர்கள் எழுதினார்கள்’ என்ற கதபூ என்னும் வினையின் கடைசியில், வாவ் எழுத்துக்குப் பின் ஒலிக்காத ஓர் அலிஃப் எழுதப்படும். பின்னால் ‘அவனை’, ‘அதை’ போன்ற மாற்றுப்பெயர் விகுதி ஒட்டினால் அது மறைந்துவிடும். அந்த வாவை ‘மற்றும்’ என்ற பொருளுள்ள இணைப்பு வாவோடு மயங்காதிருக்க வைத்தது என்று மரபிலக்கணம் விளக்குகிறது. அப்படியானால் அதற்கு ஒரு பயன் உண்டு, ஓஷியோஸ் என்ற பெயரே சற்று அநியாயம். தமிழில் ‘ஒலியா அலிஃப்’ போதும்.

சமயவியலில் டேயுஸ் ஓட்டியோஸுஸ்: உலகைப் படைத்துவிட்டு அதன் நடப்பில் தலையிடாமல் ஒதுங்கிவிட்ட கடவுள். சமய வரலாற்றாய்வாளர் மிர்ச்சா எலியாடே இதை விரிவாகக் கையாண்டார். இங்குதான் லத்தீனின் பழைய ‘ஓய்வு’ உயிரோடு இருக்கிறது; ‘ஒதுங்கிய கடவுள்’ என்று எழுதலாம். டேயுஸ் அப்ஸ்கோண்டிடுஸ் என்பதோடு கலக்க வேண்டாம். அது மறைந்திருக்கும் கடவுள், மறைந்திருந்தும் செயல்படலாம்.

---

தமிழாக்கி

கடைசியாக ஒன்று. ‘ஓஷியோஸ் அண்ட் நியூகேட்டரி’ என்று இரண்டையும் சேர்த்தே சில தீர்ப்புகள் எழுதுகின்றன. இரண்டுக்கும் தனித்தனிச் சொல் போடுவதா?

---

திருத்துநர்

சட்ட ஆங்கிலத்துக்கு இரட்டைச் சொல் போடும் பழக்கம் உண்டு: நல் அண்ட் வாய்ட், டில் அண்ட் அன்டில். அந்த ஜோடியில் இரண்டும் ஒரே பிரிவைக் குறித்தால், பெரும்பாலும் அழுத்தத்துக்காகத்தான். ‘முற்றிலும் பயனின்றி நிற்கும்’ என்ற ஒன்றே போதும் என்பது நடைக்கணக்கு.

---

வழக்குரை

நடைக்கணக்கு சரி, தீர்ப்புக்கு அது போதாது. தமிழாக்கத்தை மூலத்தோடு பக்கம் பக்கமாக வைத்துப் படிப்பவர், ஒரு சொல் காணவில்லை என்றால் விடுபட்டது என்றே எண்ணுவார். ‘பயனின்றியும் வலுவின்றியும் நிற்கும்’ என்று இரண்டையும் வையுங்கள். ஒன்று மட்டும் பாருங்கள்: அந்த ஜோடி ஒரு மேல்முறையீட்டைப் பற்றி வந்தால் ‘நிற்கும்’ பொருந்தாது, ‘பயனும் வலுவும் இழந்துவிடும்’ என்று மாற்றுங்கள். தொகுப்பில் பலர் வேலை செய்தால், ஓஷியோஸ், இன்ஃப்ரக்சுவஸ், நியூகேட்டரி, ரிடண்டன்ட், ஸ்பென்ட் ஐந்துக்கும் எதற்கு எது என்று முதலிலேயே தாளில் எழுதி எல்லோருக்கும் கொடுத்துவிடுங்கள். பாதித் தீர்ப்பு போன பிறகு சொல்லை மாற்றினால் தேடி மாற்றும் வசதி உதவாது, ‘பயன்’ எல்லாவற்றிலும் இருக்கிறது.